சாணைக்கல்லும் வாளின் முகமும்

வாளைப் பற்றிப் பேசுவோர் பெரும்பாலும் அதை ஏந்திய வீரனைப் பற்றிப் பேசுவர். சிலர் அதை அடித்த கொல்லனையும் நினைவுகூர்வர். உலைக்களத்திலிருந்து கறுத்த இரும்புப் பட்டையாக வெளிவந்ததைத் தேய்த்துத் தேய்த்து வாளாக்கிய மூன்றாமவனைப் பற்றிச் சரித்திர நூல்கள் அதிகம் கூறுவதில்லை. அவன் சாணைக்காரன். மகாராஷ்டிரத்தில் அவனுக்கு ஷிகல்கர் என்று பெயர். ஜப்பானில் தோகிஷி என்று பெயர். இருவரும் செய்தது ஏறத்தாழ ஒரே தொழில். ஆயினும் பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் இருவருடைய பாதைகளும் பிரிந்தன. குடிமக்கள் படைக்கலம் தாங்கித் திரிவதைத் தடுக்கும் ஆணை 1876-ஆம் ஆண்டில் ஜப்பானில் பிறந்தது. 1878-ஆம் ஆண்டில் இந்தியாவிலும் அத்தகைய சட்டம் ஒன்று வந்தது. அதன்பின் ஜப்பானியச் சாணைக்காரன் நாடு போற்றும் கலைஞனானான். நம் நாட்டுச் சாணைக்காரன் தெருத் தெருவாகச் சென்று கத்தரிக்கோல் தீட்டலானான். இந்த வேறுபாடு எவ்வாறு ஏற்பட்டது, அதனால் நாம் இழந்தது யாது என்பவற்றைப் புணே நகரத்தை நடுவாக வைத்து நோக்குவோம்.

புணே படைக்கலங்களோடு நெடுநாள் பழகிய நகரம். ஷாஹாஜி போன்ஸ்லேயின் ஜாகீராக இருந்து, சிவாஜி மகாராஜாவின் இளமையைக் கண்டு, பின்னர் பேஷ்வாக்களின் தலைநகராக உயர்ந்தது. முதலாம் பாஜிராவ் 1730-ஆம் ஆண்டு கால்கோள் செய்த சனிவார் வாடா 1732-இல் நிறைவெய்தியது. மராட்டிய அரசு வீழ்ந்த பின்பும் படைத் தொழில் இந்நகரை விட்டு நீங்கவில்லை. கட்கியில் 1869-ஆம் ஆண்டு வெடிமருந்துத் தொழிற்சாலை தோன்றியது. இன்று கட்கியிலும் தேஹு ரோடிலும் வாழும் தமிழர் பலருடைய முன்னோர், இராணுவ நிலையங்களிலும் அவற்றைச் சார்ந்த தொழில்களிலும் பிழைப்புத் தேடி இங்கு வந்தவர்களே. ஆதலின் இந்நகரத்து இரும்பின் கதை நமக்கும் அயலார் கதை அன்று.

மராட்டியப் படைவீரன் கையில் பலவகை வாள்கள் இருந்தன. தோப் என்பது நீண்டு நேராகச் செல்லும் வாள். முழங்கை வரை மூடும் இரும்புறையோடு சேர்ந்த, வளைந்து கொடுக்கும் அலகுடையது தாண்ட்பட்டா. ஃபிரங்கி என்பது ஐரோப்பிய அலகுக்கு இந்நாட்டுப் பிடி பொருத்திய வாள். பரங்கி என்று நாம் வழங்கும் சொல்லே அங்கு ஃபிரங்கி ஆயிற்று. ஜெர்மனி, ஸ்பெயின், இத்தாலி முதலிய நாடுகளிலிருந்து இத்தகைய அலகுகள் மேற்குக் கரைத் துறைமுகங்கள் வழியாக வந்து இறங்கின. அவற்றுக்கு முதுகிரும்பும் கைப்பிடியும் சேர்ப்பதற்குக் கொல்லர் இருந்தனர். கூர் ஏற்றவும், துரு நீக்கவும், மெருகு கொடுக்கவும் ஷிகல்கர் வேண்டியிருந்தது.

மெருகிடுதலைக் குறிக்கும் அரபுச் சொல்லோடு, செய்பவன் என்னும் பொருள்படும் பாரசீக விகுதி சேர்ந்து பிறந்த பெயர் இது. வட இந்தியாவில் சிக்லிகர் என்பர். முஸ்லிம்களிலும் இந்துக்களிலும் சீக்கியர்களிலும் இப்பெயருடைய சமூகத்தார் உளர். மேற்கு மகாராஷ்டிரத்தில் இன்றும் ஷிகல்கர் என்பது பலருக்குக் குடும்பப் பெயராக விளங்குகிறது. தொழிலை விட்டு ஆசிரியராகவும் அலுவலராகவும் ஆனவர்களிடத்தும் பெயர் மட்டும் நிலைத்துவிட்டது.

மராட்டியப் படையெடுப்புகள் பெரும்பாலும் தசராவுக்குப் பின் தொடங்குவது வழக்கம். நான்கு மாத மழை ஓய்ந்து, ஆறுகள் வடிந்து, குதிரைகளுக்குப் புல் செழித்திருக்கும் காலம் அது. விஜயதசமி அன்று ஊர் எல்லையைக் கடக்கும் சடங்கைச் சீமோல்லங்கன் என்பர். அதற்கு முந்திய நாள் கண்டே நவமி. படைக்கலங்களுக்கு வழிபாடு நடக்கும். நம் ஆயுத பூஜையும் அதே நாளில்தான் வருகிறது. மழைக்காலத்து ஈரத்தில் துருவேறிய வாள்கள் பூஜைக்கு முன் ஒளி பெறவேண்டுமாயின், அதற்கு முந்திய வாரங்கள் சாணைக்காரனுக்கு எவ்வளவு நெருக்கடியாக இருந்திருக்கும் என்பதை நேயர்கள் எளிதில் உணரலாம். வழிபாட்டில் மலர் பெற்றது வாள். அதற்கு முகம் கொடுத்த கை பின்னே நின்றது.

இனி அவன் கருவியைப் பார்ப்போம். புணேயைச் சுற்றிய நிலம் எரிமலைக் குழம்பு உறைந்து உண்டான கரும்பாறை நிலம். நீரடியில் நுண்மணலும் சேறும் அடுக்கடுக்காகப் படிந்து இறுகிய கற்களே மெருகிடுவதற்குச் சிறந்தவை; அவை இப்பகுதிக்கு இயல்பானவை அல்ல. இந்தியச் சாணைக்காரன் இயற்கைக் கல்லை மட்டும் நம்பியிராமல், கல்லைத் தானே செய்துகொண்டான். குருந்தக்கல்லைப் பொடித்து, உருக்கிய அரக்கோடு கலந்து, வட்டமாக வார்த்து அச்சில் பொருத்தினான். அதுவே சாணைச் சக்கரம். ஒருவன் அச்சில் சுற்றிய தோல்வாரை இருபுறமும் மாறிமாறி இழுப்பான். சக்கரம் முன்னும் பின்னும் சுழலும். மற்றவன் அதன்முன் அமர்ந்து அலகைப் பிடித்துக் காட்டுவான். கரடுமுரடான பொடி கொண்ட சக்கரம் முதலிலும், நுண்பொடிச் சக்கரம் பின்னும் வரும். இறுதியில் எண்ணெயில் குழைத்த பொடி மெருகேற்றும்.

இந்தக் குருந்தம் நமக்கு மிகவும் வேண்டியது. மாணிக்கமும் நீலமும் இவ்வினத்துக் கற்களே. கடினத்தில் வைரத்துக்கு அடுத்த நிலை இதற்கு உரியது. ஆங்கிலத்தில் இக்கனிமத்துக்கு வழங்கும் பெயர் நம் குருந்தம் என்னும் சொல்லிலிருந்தே சென்றது என்பர் சொல்லாராய்ச்சியாளர். இன்றைய நாமக்கல் மாவட்டத்துச் சித்தம்பூண்டியில் கிடைத்த குருந்தம் பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே ஐரோப்பியக் கனிமநூலாரின் ஆராய்ச்சிக்கு உள்ளாயிற்று. உலகம் முழுவதும் தேய்ப்புத் தொழிலில் பயன்படும் ஒரு பொருளின் பெயர் தமிழாக இருப்பது, சாணைத் தொழிலில் நமக்கு இருந்த பழைய உறவுக்குச் சான்றாகும்.

மொகலாய அரசவையும் இத்தொழிலைப் புறக்கணிக்கவில்லை. அக்பர் காலத்து நிர்வாகத்தை விவரிக்கும் அயினி அக்பரியில், ஒரே காலத்தில் 16 துப்பாக்கிக் குழல்களைத் துலக்கும் சக்கரம் ஒன்று கூறப்படுகிறது. மாடு கட்டி இழுக்கும் அச்சக்கரத்தைப் பேரரசரே வகுத்தார் என்று அபுல் பஸல் எழுதியுள்ளார்.

தக்காணத்து வாள்கள் சிலவற்றில் சாணைக்காரனின் வேலை கூர் ஏற்றுவதோடு முடியவில்லை. தென்னாட்டு உருக்கினால் அடித்த அலகில் ஓடைநீரின் அலை போன்ற கோலம் ஒன்று உள்ளே உறங்கிக் கிடக்கும். மூசையில் இரும்போடு ஆவாரங்குச்சியும் எருக்கிலையும் இட்டு, மண்ணால் மூடி உருக்கிய எஃகு அது. சேலம் பகுதியில் இம்முறை நடந்ததைப் பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில், பரங்கிப்பேட்டை இரும்பாலையை நிறுவிய ஹீத் என்பவர் விவரித்துள்ளார். கரி மிகுதியாக ஏறிய அந்த எஃகைக் கடுஞ்சூட்டில் அல்லாமல் அளவான சூட்டில் மெல்ல மெல்ல அடித்தால், கரியும் இரும்பும் கூடிய கடினத் துகள்கள் வரிவரியாக அணிவகுக்கும். அலகை நன்றாக மெருகிட்டு, அன்னபேதி போன்ற இரும்புக் காரத்தால் கழுவினால் இரும்புப் பகுதி கறுக்கும். துகள் வரிகள் வெளுத்துத் தோன்றும். இதனை ஜௌஹர் என்றனர். எஃகின் தரம், அடித்தவனின் திறம், அலகின் வயது ஆகியவற்றை அறிந்தோர் அந்த வரிகளில் படித்தனர். மெருகு சரியாக அமையாவிடில் எழுத்து தெரியாது.

இனி ஜப்பானுக்குச் செல்வோம். ஜப்பானியக் கொல்லன் இரும்பு மணலை உருக்கிய எஃகை மடித்து மடித்து அடிப்பான். கூர்ப்பக்கம் மெல்லியதாகவும் முதுகுப்பக்கம் தடித்ததாகவும் களிமண் பூசிக் காய்ச்சி, நீரில் தோய்ப்பான். மண் மெல்லியதாக உள்ள கூர்ப்பக்கம் விரைந்து குளிர்ந்து மிகக் கடினமாகும். முதுகு சற்று மென்மையாக நிற்கும். இரண்டுக்கும் இடையே மேகம் படர்ந்தாற்போன்ற ஓர் எல்லைக்கோடு உண்டாகும். ஹாமோன் என்பது அதன் பெயர். உலைக்களத்திலிருந்து வரும் அலகில் அது தெளிவாகத் தெரியாது. அதனை வெளிக்கொணர்வது கல்லும் நீருமே.

தோகிஷி தாழ்ந்த பலகையில் அமர்ந்து, கல்லை மரக்கட்டையின்மேல் வைத்து, ஒரு காலால் நெம்புகோல் போன்ற மரத்தை மிதித்து அதனை அசையாமல் நிறுத்துகிறான். பக்கத்தில் நீர்த் தொட்டி இருக்கும். சுழலும் சக்கரம் கிடையாது. கல் அசையாது நிற்க, இரு கைகளாலும் பிடித்த அலகே அதன்மேல் நகரும். முதலில் அராதோ என்னும் கரடான கல். அடுத்துப் பின்சுயி, காயிசே, சூநகுரா, கோமாநகுரா எனக் கற்கள் படிப்படியாக நுண்மை பெறும். ஒவ்வொரு கல்லிலும் தேய்க்கும் திசையை மாற்றுவான். முந்திய கல் விட்ட கீறல் ஒன்றேனும் எஞ்சியிருந்தால், புதிய கீறல்களுக்குக் குறுக்கே அது காட்டிக்கொடுத்துவிடும். கீறல் முற்றும் மறையாமல் அடுத்த கல்லுக்குச் செல்லலாகாது என்பது விதி.

ஈற்றில் வருவது கியோத்தோ நகரை அடுத்த மலைகளில் வெட்டிய உச்சிகுமோரி என்னும் கல். அதன் பின் முறை தலைகீழாகும். அதுவரை கல் நிற்க வாள் அசைந்தது; இனி வாள் நிற்கக் கல் அசையும். கல்லை நகக்கண் அளவுக்கு மெல்லிய சில்லாக்கி, பின்புறம் காகிதம் ஒட்டிக் கட்டைவிரலின் கீழ் வைத்து, அங்குலம் அங்குலமாகத் தேய்ப்பான். உலையில் உதிர்ந்த இரும்புச் செதிலை நுண்பொடியாக்கி எண்ணெயில் கலந்து பூசி உடலுக்குக் கருமை ஊட்டுவான். முதுகையும் ஓரத்தையும் எஃகு ஊசியால் அழுத்திக் கண்ணாடிபோல் ஆக்குவான். ஒரு வாளுக்கு இவ்வாறு வாரங்கள் கணக்கில் உழைப்பு செல்லும்.

இம்முறையில் நீருக்கு மூன்று பணிகள் உண்டு. தேய்ப்பினால் எழும் சூட்டை அது தணிக்கிறது. உலர்ந்த சக்கரத்தில் அவசரமாக அழுத்திய அலகு சூடேறி, கொல்லன் வைத்த தோய்ச்சல் இறங்கிவிடும். கூர் நீலம் பாய்ந்து மழுங்கும். தேய்ந்த இரும்பையும் கல்துகளையும் நீர் கழுவிச் செல்வது இரண்டாவது பணி. கல்லின்மேல் நிற்கும் மெல்லிய குழம்பே ஒரு மெருகுப் பொருளாக உதவுவது மூன்றாவது. நீர் இரும்புக்குப் பகை ஆதலால், துருப்பிடியாதிருக்க அதில் சிறிது காரம் சேர்ப்பதும் உண்டு.

இரு முறைகளில் எது உயர்ந்தது என்று வினவுதல் பொருந்தாது. ஆயிரக்கணக்கான வீரர்களின் வாள்களைப் படை புறப்படுமுன் தீட்டித் தரவேண்டிய நாட்டுக்குச் சக்கரம் ஏற்றது. ஹாமோனின் எல்லையைக் கல்லொன்றாலேயே தோற்றுவிக்கவேண்டிய நாட்டுக்கு அசையாத நீர்க்கல் ஏற்றது. உள்ளே மறைந்த கோலத்தை வெளியே கொணர்ந்து காட்டுவதில் இருவரும் ஒப்பானவர். வேறுபாடு கருவியில் இல்லை. தொழிலாளிக்குக் கிடைத்த இடத்தில் இருந்தது.

ஜப்பானில் ஹோனாமி என்னும் குடும்பத்தார் பல தலைமுறைகளாக ஆட்சியாளர்களின் வாள்களை மெருகிட்டுப் பாதுகாத்து வந்தனர். மெருகிடுவோன் ஒவ்வொரு வாளின் மேனியையும் அங்குலம் அங்குலமாகப் பார்க்கிறான் அன்றோ? ஆதலின் இது இன்ன கொல்லன் அடித்தது, இன்ன காலத்தது என்று கூறும் தகுதி அவனுக்கே உண்டு என்று அந்நாட்டார் கொண்டனர். ஹோனாமி குடும்பத்தார் எழுதிக் கொடுத்த சான்றிதழே வாளின் விலையை உறுதி செய்தது. கையெழுத்துக் கலையிலும் மட்பாண்டக் கலையிலும் புகழ்பெற்ற ஹோனாமி கோயெத்ஸு (1558–1637) இக்குடும்பத்திலே தோன்றியவர். இவ்வாறு சாணைக்காரன் அங்கே பரிசோதகனாகவும் அறிஞனாகவும் மதிக்கப்பெற்றான்.

ஆதலால் 1876-ஆம் ஆண்டு மார்ச் மாதம் மெய்ஜி அரசாங்கம் வாள் அணிவதைத் தடுத்தபோது, கொல்லர் பலர் தொழில் இழந்தபோதிலும் மெருகுக் கலை அழியவில்லை. இடையிலிருந்து இறங்கிய வாள் கலைப்பொருளாகச் சேகரிப்போர் கைக்குச் சென்றது. மெய்ஜி பேரரசரே வாள்களைப் பெரிதும் விரும்பிச் சேர்த்தவர். கூர்ப்பகுதியின் வெண்மையை எடுத்துக்காட்டும் புதிய மெருகுமுறை அக்காலத்திலேதான் வளர்ந்தது. 1945-இல் ஜப்பான் தோல்வியுற்றபின் நேசநாட்டுப் படையினர் எண்ணற்ற வாள்களைப் பறிமுதல் செய்தனர். அந்த இடரையும் அக்கலை தாண்டியது. 1948-இல் கலை வாள்களைப் பாதுகாக்கும் சங்கம் நிறுவப்பட்டது. 1975-ஆம் ஆண்டில் ஹோனாமி நிஷ்ஷூ என்னும் மெருகாளரை அந்நாட்டு அரசாங்கம், வாழும் தேசியச் செல்வம் எனப்படும் சிறப்பு நிலைக்கு உயர்த்தியது.

நம் நாட்டில் நிகழ்ந்தது வேறு. 1817-ஆம் ஆண்டு நவம்பர் 5-ஆம் நாள் கட்கிப் போரில் பேஷ்வாவின் படை பின்னடைந்தது. மறு ஆண்டு இரண்டாம் பாஜிராவ் சரணடைந்தார். வாள்களுக்கு வேலை கொடுத்த அரசு மறைந்தது. 1857-ஆம் ஆண்டுக் கிளர்ச்சிக்குப்பின் மக்களிடமிருந்து படைக்கலங்களைக் களைவதில் ஆங்கில அரசாங்கம் முனைந்தது. லிட்டன் பிரபு காலத்தில் 1878-ஆம் ஆண்டின் ஆயுதச் சட்டம் அதை நிலையாக்கியது. அந்நியன் இயற்றிய அச்சட்டம் ஐரோப்பியருக்கு விலக்களித்தது. இந்தியருக்கு உரிமச்சீட்டு வேண்டும் என்றது. ஷிகல்கரிடம் வாள் கொண்டுவருவோர் குறைந்தனர். அவனுக்குச் சான்றிதழ் எழுதும் உரிமையும் இல்லை. அவன் அறிந்ததை எழுதிவைக்க ஏடும் இல்லை. கலையாகப் போற்றுவோர் இன்மையால் அவன் சமையலறைக் கத்தி, கத்தரிக்கோல், அரிவாள்மணை ஆகியவற்றைத் தேடிச் சென்றான். உதயப்பூர் போன்ற சில ஊர்களில் மட்டும் சில குடும்பத்தார் வாள் தொழிலை விடாமல் பற்றியிருந்தனர்.

இதனால் விளைந்த இழப்பைப் புணேயைவிடத் தெளிவாகக் காட்டுவது தஞ்சாவூர். ஷாஹாஜியின் மற்றொரு மைந்தர் வெங்கோஜி 1676-ஆம் ஆண்டளவில் தஞ்சையில் மராட்டிய ஆட்சியை நிறுவினார். நாயக்க மன்னர்கள் சேர்த்த படைக்கலங்களும் மராட்டியர் சேர்த்தவையும் அவ்வரண்மனை ஆயுதசாலையில் குவிந்திருந்தன. யாளி முகமும் கொடியும் பூவும் இரும்பிலேயே செதுக்கிய கட்டாரிகள் அவற்றுள் சிறந்தவை. 1855-இல் ஆண்வாரிசு இன்மையைக் காட்டி ஆங்கிலேயர் அரசைக் கைப்பற்றினர். 1860-களில் அந்த ஆயுதசாலை கலைக்கப்பட்டது. தேர்ந்தெடுத்த சில சென்னை அருங்காட்சியகத்துக்குச் சென்றன. எஞ்சியவை உடைக்கப்பட்டுப் பழைய இரும்பாக விற்கப்பட்டன. நல்ல உருக்கு அலகையும் மட்டமான அலகையும் அந்த நிறுவையில் பிரித்துச் சொல்ல, சாணைக்காரனின் கண்ணை எவரும் நாடவில்லை. துரு மூடிய நிலையில் எல்லா இரும்பும் ஒன்றாகவே தெரியும் அன்றோ?

நம் முன்னோர் இரும்பின் பராமரிப்பை அறியாதவர் அல்லர். புறநானூற்றின் 95-ஆம் பாட்டில், ஔவையார் தொண்டைமானின் படைக்கலக் கொட்டிலைக் காண்கிறார். அங்குள்ள ஆயுதங்கள் நெய் பூசப்பெற்று, அணிசெய்யப்பெற்று விளங்குகின்றன. அதியமானின் ஆயுதங்களோ நுனி முரிந்து கொல்லன் கொட்டிலில் கிடக்கின்றன. அதியமானின் போர்த்திறத்தைக் குறிப்பால் உணர்த்த வந்த பாட்டு அது. எனினும் படைக்கலத்துக்கு நெய் பூசிக் காக்கும் வழக்கம் தமிழகத்தில் அத்துணைப் பழைமையானது என்பதற்கும் அது சான்று. ஜப்பானியரும் வாளுக்கு எண்ணெய் பூசியே காத்தனர்.

இன்று புணேயில் இச்சரித்திரத்தை நேரில் காண விரும்புவோர் பாஜிராவ் சாலையிலுள்ள ராஜா தினகர் கேள்கர் அருங்காட்சியகத்துக்குச் செல்லலாம். கவிஞரான தினகர் கங்காதர் கேள்கர் (1896–1990) ஊர் ஊராகச் சென்று விளக்கும் பெட்டியும் பாக்குவெட்டியும் படைக்கலமும் சேகரித்தார். இளமையில் மறைந்த தம் மகன் ராஜாவின் பெயரால் அமைந்த அந்நிலையத்தை 1975-இல் மகாராஷ்டிர அரசிடம் ஒப்படைத்தார். வாளைப் பார்ப்போர் இனி பிடியின் பொன்வேலையோடு நின்றுவிடாமல், அலகின் மேனியையும் சற்று உற்று நோக்குதல் வேண்டும். 2025-ஆம் ஆண்டில், நாகபுரி அரசை நிறுவிய முதலாம் ரகுஜி போன்ஸ்லேயின் வாளை மகாராஷ்டிர அரசாங்கம் இலண்டன் ஏலத்தில் ஏறத்தாழ 47 லட்சம் ரூபாய்க்கு வாங்கி மும்பைக்குக் கொண்டுவந்தது. அதுவும் ஐரோப்பிய அலகு பொருந்திய ஃபிரங்கியே. அதன் முதுகில் தேவநாகரியில் பொறித்த பெயர் மெருகிடுவோரின் கையில் தேய்ந்து மறையாமல் நின்றமையாலன்றோ அதன் உரிமையாளரை நாம் அறிய முடிந்தது!

வாள் மீண்டு வருதல் மகிழ்ச்சிக்குரியது. அதனைப் படிக்கத் தெரிந்த கையும் கண்ணும் மீண்டு வருதல் அதனினும் வேண்டுவது. அமெரிக்க உலோகவியல் பேராசிரியர் வெர்ஹோவனும் கொல்லர் பெண்ட்ரேயும் பல ஆண்டுகள் முயன்று, உருக்கு வாளின் வரிகளுக்கு வனேடியம் போன்ற உலோகங்கள் மிகச் சிறிய அளவில் கலந்திருப்பதே காரணம் என 1990-களில் நிறுவினர். நம் மண்ணில் பிறந்த எஃகின் மறைபொருள் பழைய அலகுகளின் மேனியில் எழுதப்பட்டிருந்தது. இன்று கடைத்தெருவில் மின்சாரச் சக்கரத்தில் பளபளப்பாக்கப்படும் ஒவ்வொரு பழைய வாளிலும் அந்த எழுத்து சில நிமிடங்களில் அழிந்துபோகிறது. வீட்டில் முன்னோர் விட்டுச்சென்ற கத்தியோ கட்டாரியோ உடையவர்கள் அதனைப் பளபளப்பாக்க முற்படாமல், உலர்ந்த துணியால் துடைத்து மெல்லிய எண்ணெய் பூசி வைத்தலே நலம்.

மிதிவண்டியின் பின்சக்கரத்தை மிதித்துச் சாணை சுழற்றிக்கொண்டு புணேயின் தெருக்களில் வருபவர்களை நாம் அறிவோம். அவர்களிடம் நம் இல்லத்தார் அரிவாள்மணை தருகின்றனர். அண்டை வீட்டு மராட்டியர் அதே கருவியை விளீ என்று கூறித் தருகின்றனர். அவர்களுள் சிலர் பேஷ்வா காலத்து வாள்களுக்கு முகம் கொடுத்தவர்களின் வழிவந்தவராக இருத்தல் கூடும். ஜப்பான் தன் சாணைக்காரனுக்கு அளித்த மதிப்பில் ஒரு பகுதியையேனும் நம் அருங்காட்சியகங்களும் பல்கலைக்கழகங்களும் இவர்களுக்கு அளித்து, எஞ்சியுள்ள கைத்திறனைப் பதிவு செய்து, பழைய இரும்பைக் காக்கும் பணியில் இவர்களையும் சேர்த்துக்கொள்ளுதல் கடமையாகும். அது நிறைவேறும் நாளில் தஞ்சையிலும் புணேயிலும் எஞ்சிய அலகுகள் தம் வரலாற்றைத் தாமே கூறத் தொடங்கும்.